உருமேனிய மொழியின் மூலம்: வாதங்களும் அவற்றின் சமூக அடிப்படையும்

1

ஒரு மொழியின் தோற்றத்தை ஆராய்வது மொழியியலாளர்க்கு மாத்திரம் உரிய பணி என்பது பொதுவான எண்ணம். ஆயின், ‘இம்மொழி எங்கே தோன்றிற்று?’ என்னும் வினா, ‘இந்நிலம் யாருக்கு உரியது?’ என்னும் வினாவின் மறுவடிவமாக அமைந்துவிடும்போது, அப்பணி மொழியியலின் எல்லையைக் கடந்துவிடுகின்றது. உருமேனிய மொழி பற்றிக் கடந்த இரு நூற்றாண்டுகளுக்கு மேலாக நிகழ்ந்துவந்துள்ள விவாதம் இதற்குத் தக்க எடுத்துக்காட்டாகும். அவ்விவாதத்தின் முக்கிய நிலைப்பாடுகளை அவை எழுந்த சமூகச் சூழலில் வைத்து நோக்குவதும், மொழி தானே தரும் சான்றுகளோடு அவற்றை ஒப்பிடுவதும் இக்கட்டுரையின் நோக்கமாகும்.

ஏறத்தாழ 2 கோடி 40 இலட்சம் மக்களின் தாய்மொழி உருமேனிய மொழி. உருமேனியா, மொல்தோவா ஆகிய இரு நாடுகளில் அது அரசமொழி. உக்ரேன், செர்பியா, ஹங்கேரி ஆகிய அயல்நாடுகளிலும், தொழில் தேடிச் சென்றோரிடையே இத்தாலி, ஸ்பெயின் ஆகிய நாடுகளிலும் அது பேசப்படுகின்றது. இலத்தீனிலிருந்து கிளைத்த மொழிகளுள் பெரியனவற்றில் இஃது ஒன்றே ஏனையவற்றிலிருந்து பிரிந்து, ஸ்லாவிய மொழிகளும் ஹங்கேரிய மொழியும் சூழ, ஐரோப்பாவின் கிழக்கிலே வாழ்கின்றது. இத்தனிமையே எல்லா வாதங்களுக்கும் தோற்றுவாய்.

2

தான்யூப் நதிக்கு வடக்கேயிருந்த தாக்கிய அரசைப் பேரரசன் திரஜான் இரு போர்களின் பின் கி.பி. 106இல் வென்று உரோம மாகாணமாக்கினான். ஏறத்தாழ 271இல் பேரரசன் ஒரேலியன் படையையும் ஆட்சியையும் நதிக்குத் தெற்கே மீட்டுக்கொண்டான். ஆக, வடக்கில் உரோம ஆட்சி நிலவியது 165 ஆண்டுகளே. தெற்கிலோ அது பல நூற்றாண்டுகள் நீடித்தது. உருமேனிய மொழியிலே கிடைத்துள்ள காலங்குறிக்கத்தக்க முதல் எழுத்துச் சான்றோ 1521ஆம் ஆண்டுக்குரியது. கிம்புலுங் நகரத்து நெயாக்ஷு என்பவர், துருக்கிப் படைகளின் நடமாட்டம் பற்றிப் பிரஷோவ் நகரத் தலைவருக்குச் சிரிலிக் எழுத்தில் வரைந்த கடிதம் அது. ஒரேலியன் பின்வாங்கியமைக்கும் இக்கடிதத்துக்கும் இடையே ஆயிரத்து இருநூற்றைம்பது ஆண்டுகள் உள்ளன. இந்நீண்ட இடைவெளியையே எதிரெதிரான இரு கொள்கைகள் தத்தம் விருப்பத்துக்கேற்ப நிரப்ப முயன்றன.

தாக்கியாவில் குடியேறிய உரோமரின் வழித்தோன்றல்கள் அங்கேயே தொடர்ந்து வாழ்ந்தனர் என்பது தொடர்ச்சிக் கொள்கை. இம்மொழி தான்யூபுக்குத் தெற்கே உருவாகி, இடைக்காலத்தில் இடையர் குழுக்களோடு வடக்கே சென்றது என்பது குடிபெயர்வுக் கொள்கை. முன்னையதற்கு ஆதாரமாக அகழாய்வுச் சான்றுகளும் பழைய நதிப்பெயர்களின் நிலைபேறும் காட்டப்படுவன. பின்னையதற்கு ஆதாரமாக அல்பேனிய மொழியோடுள்ள நெருங்கிய உறவும், பழைய ஜெர்மானியச் சொற்கள் காணப்படாமையும் காட்டப்படுவன. இவற்றுள் எதுவும் எதிர்த்தரப்பார் மறுமொழி கூறாது விட்ட சான்றன்று.

இக்கொள்கைகள் எழுந்த காலமும் களமும் கருத்திற் கொள்ளத்தக்கவை. 18ஆம் நூற்றாண்டுத் திரான்சில்வேனியாவில் ஹங்கேரியப் பிரபுக்கள், செக்லர், சக்சனியர் ஆகிய மூன்று ‘தேசங்கள்’ மாத்திரமே அரசியல் உரிமை பெற்றிருந்தன. பெரும்பான்மையும் பண்ணையடிமைகளாகிய உருமேனியர் இக்கணக்கிற் சேர்க்கப்படவில்லை. இச்சூழலிலேதான் வியன்னாவிலும் உரோமிலும் கற்றுத் திரும்பிய சாமுயில் மிக்கு, கியோர்கே ஷின்காய், பெத்ரு மயோர் முதலிய கிரேக்க-கத்தோலிக்க மதகுருமார் தம் மக்கள் திரஜானின் வழிவந்தோர் என நிறுவ முற்பட்டனர். மிக்குவும் ஷின்காயும் 1780இல் வெளியிட்ட இலக்கணம் இம்மொழியை இலத்தீன் எழுத்திலே காட்டிற்று. 1791இல் பேரரசனுக்கு அனுப்பப்பட்ட வேண்டுகோள், உருமேனியரே இந்நிலத்தின் தொன்மையான குடிகள் என்பதை ஆதாரமாகக் கொண்டு சமவுரிமை கோரிற்று. அது நிராகரிக்கப்பட்டது.

மறுபுறத்தில், குடிபெயர்வுக் கொள்கைக்கு முழுவடிவம் கொடுத்த றொபேட் றோஸ்லரின் நூல் 1871இல் வெளிவந்தது. திரான்சில்வேனியாவை ஹங்கேரிய ஆட்சியோடு இணைத்த 1867ஆம் ஆண்டு உடன்படிக்கைக்குப் பின் நான்கே ஆண்டுகள் கழிந்திருந்தன. ஒரு தரப்புக்கு உரிமை வழங்கத் தொன்மை தேவைப்பட்டது. மறுதரப்புக்கு உரிமை மறுக்க வருகை தேவைப்பட்டது. ‘முதலில் வந்தவருக்கே உரிமை’ என்ற அளவுகோலை இரு தரப்பினரும் ஒருங்கே ஏற்றுக்கொண்டனர் என்பதே இங்கு விமர்சனத்துக்குரியது.

3

வாதங்களை விடுத்து மொழியின் சொற்களிடம் கேட்போமாயின், அவை வேறொரு வரலாற்றைக் கூறுகின்றன.

இலத்தீனிலே ‘பாவிய தளம்’ எனப் பொருள்பட்ட சொல், உருமேனிய மொழியில் ‘பமிந்த்’ என வடிவு பெற்று மண்ணையும் நிலத்தையும் குறிக்கலாயிற்று. ஓய்வுபெற்ற போர்வீரனைக் குறித்த சொல் ‘பத்ரின்’ எனத் திரிந்து முதியவன் என்னும் பொதுப்பொருள் பெற்றது. நகரத்தைக் குறித்த இலத்தீன் சொல் ‘செத்தாதே’ என்றாகிக் கோட்டையைக் குறித்தது. நகரத்துக்கோ ‘ஒராஷ்’ என்னும் ஹங்கேரியச் சொல் வேண்டியதாயிற்று. கல் பாவிய தெருக்களும் படை முகாம்களும் அழிந்த பின், மேய்ச்சல் நிலத்திலும் வயலிலும் வாழ்ந்தோரின் வாயில் இவ்விலத்தீன் உயிர்பிழைத்தது என்பதை இச்சொற்கள் உணர்த்துகின்றன.

ரொட்டி, பால், ஆடு, கோதுமை, உழுதல், விதைத்தல் ஆகியவற்றுக்குரிய சொற்கள் இலத்தீன் வழிவந்தன. ஆட்டுக்கடா, குதிரைக்குட்டி, அடுப்பங்கரை, பால் கறக்க ஆடுகளை ஒவ்வொன்றாய் விடும் பட்டிவாயில் என்பனவற்றுக்குரியவை அல்பேனிய மொழியோடு பொதுவானவை; உரோமருக்கு முற்பட்ட மொழியொன்றின் எச்சங்களெனக் கருதப்படுபவை. ‘பொயேர்’ என்ற பிரபுவின் பெயரும், ஆண்டானைக் குறிக்கும் ‘ஸ்தபின்’ என்ற சொல்லும், அடிமையைக் குறிக்கும் ‘ரோப்’ என்ற சொல்லும், செல்வன், வறியன் என்பவற்றைக் குறிக்கும் சொற்களும் ஸ்லாவிய மொழிகளின் வழி வந்தன. உழைப்பைக் குறிக்கும் ‘முன்க’ என்ற சொல் ஸ்லாவிய மூலத்தில் வதை எனப் பொருள்படும். நிலமானிய உறவுகள் வேரூன்றிய வரலாற்றின் ஒரு பகுதி இச்சொற்களிலே பதிந்துள்ளது எனல் மிகையாகாது. தேசியவாதிகள் இனம், குலம் என்ற பொருளில் உணர்ச்சியோடு வழங்கிய ‘நெயாம்’ என்ற சொல்லோ ஹங்கேரிய மொழியிலிருந்து வந்தது!

இலக்கண அமைப்பும் இத்தகையதே. சுட்டிடைச்சொல் பெயருக்குப் பின்னே ஒட்டி வருவது (மனிதன் என்பது ‘ஓம்’, அந்த மனிதன் என்பது ‘ஓமுல்’) பல்கேரிய, அல்பேனிய மொழிகளுக்கும் பொதுவான பண்பு. பதினொன்று என்பதைப் ‘பத்தின்மேல் ஒன்று’ என அமைக்கும்போது சொற்கள் இலத்தீன். அமைப்பு பால்கன் பகுதிக்குரியது. வெவ்வேறு குடும்பத்து மொழிகள் அயலிருந்து பழகி ஒத்த இலக்கணம் பெறலாம் என்பதை 1829இலேயே கோப்பித்தார் சுட்டிக்காட்டினார். பின்னர் டென்மார்க்கு அறிஞர் சான்பெல்ட் அதனை விரிவாக நிறுவினார்.

இன்னுமொரு சான்று குறிப்பிடத்தக்கது. உரோமன் என்ற பெயரைத் தமக்கெனத் தொடர்ந்து காத்தவர்கள் இம்மக்கள். ஆயின் வலாக்கியாவில் 17ஆம் நூற்றாண்டளவில் அப்பெயரின் வடிவமாகிய ‘ருமின்’ என்ற சொல் பண்ணையடிமையைக் குறித்தது. 1746இல் அவ்வடிமைமுறை சட்டப்படி ஒழிக்கப்படும் வரை, பேரரசின் பெயரைச் சுமந்தோர் பிரபுவின் நிலத்தோடு பிணைக்கப்பட்டவர்களே. மூலப் பெருமை பேசியோர் இப்பொருளை விரும்பி நினைவுகூரவில்லை.

4

மொழியின் இக்கலப்பைக் குறையெனக் கருதியோர் அதனைக் களைய முற்பட்டனர். புகாரெஸ்ட் கல்விக் கழகத்தின் ஆதரவிலே லவ்ரியான், மாசிம் ஆகிய இருவரும் 1870களில் தொகுத்த அகராதி இலத்தீன் சொற்களுக்கு முதலிடம் கொடுத்து, மக்கள் நாளும் வழங்கிய பிறமொழிச் சொற்களைத் தனியொரு தொகுதிக்கு ஒதுக்கிற்று. அக்காலத்திலேயே அது நகைப்புக்குள்ளாயிற்று. தித்து மயோரெஸ்கு 1868இல் தம் நாட்டுப் பண்பாட்டை உள்ளடக்கமற்ற வடிவங்கள் எனக் கண்டித்தபோது இத்தகைய இலத்தீன்வாதிகளும் அக்கண்டனத்துக்கு உள்ளாயினர். சிரிலிக் எழுத்தைக் கைவிட்டு இலத்தீன் எழுத்து 1860களின் தொடக்கத்தில் ஏற்கப்பட்டமை நிலைத்த மாற்றம். சொற்களைக் களையும் முயற்சியோ தோற்றது.

இதற்கு எதிர்முனையில் நின்றவர் சிஹாக். 1870களில் வெளிவந்த அவருடைய சொற்பிறப்பகராதியின்படி, இலத்தீன் மூலச் சொற்கள் ஏறத்தாழ ஐந்திலொன்று. ஸ்லாவியச் சொற்கள் ஐந்தில் இரண்டு. இதைக் கொண்டு இது ஸ்லாவிய மொழியே என வாதிட்டாரும் உளர். அதற்கு ஹஸ்தேயு அளித்த விடை இன்றும் பயனுடையது. அகராதியிற் கிடக்கும் சொற்களை எண்ணுதல் போதாது. ஒவ்வொரு சொல்லும் மக்கள் வாயில் எத்துணை முறை பயில்கின்றது என்பதையும் நோக்கல் வேண்டும் என்றார் அவர். அவ்வாறு நோக்கின் இலத்தீனின் பங்கு மிக உயர்ந்து தோன்றும். மொழியைப் பொருட்குவியலாக நோக்காது வழக்காக நோக்கிய இப்பார்வை, மொழியை அதனைப் பேசுவோரிடம் மீளக் கொண்டுசேர்த்தது எனலாம்.

எனினும் அரசியல் தன் பிடியை விடவில்லை. 1947இல் ரொல்லரின் வரலாற்றுப் பாடநூல் ஸ்லாவியரின் பங்கை மிகைப்படுத்திற்று. 1953இன் எழுத்துச் சீர்திருத்தத்தில் இலத்தீன் மூலத்தை நினைவூட்டும் ஓர் எழுத்து நீக்கப்பட, நாட்டின் பெயரே மாற்றி எழுதப்பட்டது. 1960களின் நடுப்பகுதியில், மொஸ்கோவிலிருந்து விலகிய காலத்தில், அவ்வெழுத்து நாட்டின் பெயருக்கும் அதனோடு தொடர்புடைய சொற்களுக்கும் மாத்திரம் மீண்டது. 1993இல் முழுமையாக மீண்டது. 1980இல் சௌஷெஸ்கு ஆட்சி தாக்கிய மன்னன் புரேபிஸ்தாவின் அரசுக்கு 2050 ஆண்டு விழா எடுத்தது. தாக்கியர் அழிந்தொழிந்தனர், தூய உரோமரே எஞ்சினர் என்று 1812இல் மயோர் எழுதியிருந்தார். முன்னோர் மாறினர், முன்னோரைத் தேடும் தேவை மாறவில்லை.

5

உருமேனிய மொழியை நான்கு கிளைகளாக வகுப்பது மரபு: வடக்கிலுள்ள தாக்கோ-உருமேனியம், தெற்கிலுள்ள அரோமேனியம், மெக்லேனோ-உருமேனியம், மேற்கிலுள்ள இஸ்திரோ-உருமேனியம். முதலாவதே இன்றைய அரசமொழி. ஏனைய மூன்றும் கிளைமொழிகளா, தனிமொழிகளா என்பதில் உருமேனிய அறிஞரிடையேயும் கருத்தொற்றுமை இல்லை. கிராவுரும் கோத்தேயானுவும் அவற்றைத் தனிமொழிகள் என்றே கொண்டனர்.

இவற்றைப் பேசுவோரின் கதி மூலவாதங்களின் பயன்மதிப்பை அளக்க உதவும். பிந்துஸ் மலைகளின் இடையரும் வணிகருமான அரோமேனியரின் பண்பாட்டு மையமாக 18ஆம் நூற்றாண்டில் விளங்கியது, இன்றைய அல்பேனியாவிலுள்ள மொஸ்கோப்பொலே. அந்நகரத்துத் தானியேல் என்ற மதகுரு கிரேக்கம், அரோமேனியம், பல்கேரியம், அல்பேனியம் ஆகிய நான்கு மொழிகளில் சொற்றொகுதியொன்றைத் தொகுத்தார். கிரேக்கரல்லாதார் தத்தம் தாய்மொழியைக் கைவிட்டுக் கிரேக்கம் பயில வேண்டும் என்பதே அதன் நோக்கம். அழிப்பதற்கெனத் தொகுக்கப்பட்ட நூல் இன்று அம்மொழியின் அரிய ஆவணமாயிருப்பது வரலாற்றின் முரண்.

1860களிலிருந்து உருமேனிய அரசு பள்ளிகள் நிறுவி அரோமேனியரைத் தன்னவர் என்றது. கிரேக்க அரசு அவர்களைக் கிரேக்கர் என்றது. மெக்லென் பகுதியில் நின்தி என்ற ஊரார் இஸ்லாத்தைத் தழுவியிருந்தனர். 1923ஆம் ஆண்டு மக்கட் பரிமாற்றத்தில் மதமே அளவுகோலாக, இலத்தீன்வழி மொழி பேசிய அவர்கள் துருக்கிக்கு அனுப்பப்பட்டனர். இஸ்திரோ-உருமேனியமோ குரோஷியாவின் ஷெயானே, ஷுஷ்ஞேவிட்சா முதலிய சில ஊர்களிலே சில நூறு பேர் வாயில் எஞ்சியுள்ளது. ‘ன’கரம் ‘ர’கரமாகும் அதன் பண்பு, 16ஆம் நூற்றாண்டு உருமேனிய ஏடுகள் சிலவற்றிலும் காணப்படுவதால், மூல ஆய்வாளர் அதனைப் பெரிதும் போற்றுவர். சான்றாகப் போற்றப்பட்ட மொழி, வாழ்வாகப் போற்றப்படவில்லை.

6

முற்போக்குச் சிந்தனை தன்னையும் விமர்சித்துக்கொள்ள வேண்டிய இடம் மொல்தோவா. 1812இல் ரஷ்யா கைப்பற்றிய பெசராபியாவின் மொழி, புரூத் நதிக்கு மேற்கே பேசப்படும் மொல்தாவிய வழக்கே. ஆயினும் 1924இல் நிறுவப்பட்ட சோவியத் மொல்தாவியத் தன்னாட்சிக் குடியரசில், அது வேறொரு மொழி எனக் காட்டுதற்குத் தனி இலக்கணமும் புதுச்சொற்களும் ஆக்கப்பட்டன. 1932இல் இலத்தீன் எழுத்து வந்தது. 1938இல் சிரிலிக் மீண்டது. இடையே கட்சியின் கட்டளைப்படி உழைத்த எழுத்தாளர் பலர் களையெடுப்பில் மாண்டனர். சுரண்டலற்ற சமுதாயத்தின் பெயரால், கிராம மக்களின் பேச்சு அவர்களைக் கேளாமலே பெயர் மாற்றம் பெற்றது. பெசராபியாவிற் பிறந்த மொழியியலறிஞர் கோசேரியு இத்தனிமொழிக் கொள்கையை ஆதாரமற்றதென மறுத்தார்.

1989 ஆகஸ்ட் 31இல் இலத்தீன் எழுத்து மீண்டது. 1994ஆம் ஆண்டு யாப்பு ‘மொல்தோவ மொழி’ என்றது. 2013இல் யாப்பு நீதிமன்றம் உருமேனியம் என்று தீர்ப்பளித்தது. 2023இல் பாராளுமன்றம் சட்டங்களிலும் அப்பெயரையே பொறித்தது. திரான்ஸ்னிஸ்திரியாவில் சிரிலிக் எழுத்து இன்றும் நீடிக்கின்றது.

தொகுத்து நோக்குமிடத்து ஒன்று தெளிவாகின்றது. தொன்மையின் மீது நாட்டப்படும் உரிமை, தொன்மை ஐயத்துக்குள்ளாகும்போது தானும் ஐயத்துக்குள்ளாகும். அன்றியும், அது நிறுவப்பட்ட மறுகணமே பிறர்க்கு மறுப்பாக மாறும். 1791இல் ஒதுக்கப்பட்ட உருமேனியரின் மொழி அரசமொழியான பின், 1959இல் குளூஜ் நகரத்து ஹங்கேரியமொழிப் பல்கலைக்கழகம் உருமேனியப் பல்கலைக்கழகத்தோடு இணைக்கப்பட்டுத் தனித்தன்மையை இழந்தது. நேற்று உரிமை கேட்டோரின் வாதமே இன்று உரிமை மறுப்போர்க்குக் கருவியாயிற்று.

உருமேனிய மொழி தான்யூபுக்கு வடக்கே தோன்றியதா, தெற்கே தோன்றியதா என்ற ஆய்வு தொடரட்டும். அது அறிவியலின் வினா. ஆயின், ஒரு பிள்ளை தன் தாய்மொழியிலே கற்பதற்குரிய உரிமை அவ்வினாவின் விடைக்காகக் காத்திருத்தலாகாது. இடையரும் பண்ணையடிமைகளும் பேசிக் காத்த மொழி, எவரிடமிருந்து வந்த சொல்லையும் தனதாக்கிக்கொண்டே வாழ்ந்தது. அதன் பெருமை அதுவே. அதற்கு வேறொரு மூலச் சான்றிதழ் வேண்டுவதில்லை.