வயிறு என்ன வெறும் குழியா?

நம் வீடுகளில் வயிற்றுவலி என்றால் முதலில் வருவது ஓமத் தண்ணீர். அடுத்தது தொப்புளைச் சுற்றி விளக்கெண்ணெய். எங்கள் செம்பூர் வீட்டிலும் அப்படித்தான். சில வருஷங்களுக்கு முன் என் பத்து வயது மகன் தொப்புளைப் பிடித்துக்கொண்டு சுருண்டு படுத்தான். "வாயுதான், சரியாப் போயிடும்" என்றார் என் அம்மா. மறுநாள் காலை வலி அடிவயிற்றின் வலப்பக்கம் இறங்கிவிட்டது. "பாரு, இடம் மாறுது! வாயுவேதான்" என்று எல்லோரும் நிம்மதி அடைந்தோம். அந்த நிம்மதியில் அரை நாள் போயிற்று.

மருத்துவமனையில் மராட்டிய டாக்டர் கேட்ட முதல் கேள்வி, "முதலில் எங்கே வலித்தது? இப்போது எங்கே?" என்பதுதான். குடல்வால் அழற்சி. அன்றிரவே அறுவை, பிள்ளை பிழைத்தான். மறுநாள் அந்த டாக்டர் ஓர் உடற்கூற்றுப் புத்தகத்தைத் திறந்து ஒரு படத்தைக் காட்டி விளக்கினார். நான் மருத்துவன் அல்லன்; வங்கியில் கணக்குப் பார்த்தவன். ஆனால் அன்று முதல் அந்தப் படத்தை விடாமல் பார்த்து வருகிறேன். அதைப் பற்றிய விமரிசனமே இக்கட்டுரை.

உடலை மேலிருந்து கீழாக நடுவில் இரண்டாகப் பிளந்து, பக்கவாட்டில் பார்ப்பது போன்ற படம் அது. ஏறக்குறைய எல்லா உடற்கூற்று நூல்களிலும் இருக்கும். இவ்வகை நூல்களில் புகழ்பெற்றது 1858-இல் வந்த ஹென்றி கிரேயின் 'அனாட்டமி'. அதற்குப் படம் வரைந்த ஹென்றி வாண்டைக் கார்ட்டர் அதே ஆண்டில் நம் பம்பாய்க்கு வந்து, கிராண்ட் மருத்துவக் கல்லூரியில் பாடம் சொன்னவர். 1888 வரை இந்தியாவில் பணியாற்றினார். உறுப்பின் பெயரை உறுப்பின் மேலேயே எழுதியது அவர் படங்களின் சிறப்பு. படிப்பவன் கண் அலைய வேண்டியதில்லை.

முதலில் படத்தின் நல்ல குணம். பெரிட்டோனியம் என்னும் வயிற்று உள்ளுறையை அது ஒரே கோடாகக் காட்டுகிறது. வயிற்றுச் சுவரின் உட்புறத்தில் விரலை வைத்துக் கோட்டோடு போனால், கல்லீரல், இரைப்பை, குடல் எல்லாவற்றையும் போர்த்தி, இடுப்புக்குள் மூத்திரப்பை, கருப்பை, மலக்குடல் மேல் ஏறி இறங்கி, புறப்பட்ட இடத்துக்கே விரல் வந்து சேரும். சுவரைப் பற்றியதும் உறுப்பைப் போர்த்தியதும் ஒரே சவ்வுதான் என்பது பார்த்த மாத்திரத்தில் விளங்கும். வயிற்றுக்கும் இடுப்புக்கும் நடுவே தடுப்பு எதுவும் இல்லை என்பதும் விளங்கும்.

இனி குறைகள். முதலாவது, இரண்டு சவ்வுகளுக்கும் நடுவே படம் காட்டும் அகலமான இடைவெளி. ஆரோக்கியமான உடம்பில் அப்படி ஒரு வெற்றிடம் கிடையாது. உறுப்புகள் ஒன்றோடொன்று ஒட்டி நெருங்கிக் கிடக்கின்றன. நடுவே வழுக்கலுக்காகச் சில தேக்கரண்டி நீர் மட்டும். தேவைப்பட்டால் அந்த இடம் விரியும். சிறுநீரகம் பழுதானவர்களுக்கு வயிற்று வழி டயாலிசிஸ் செய்யும்போது இரண்டு லிட்டர் திரவம் அங்கேதான் இறங்குகிறது. இரத்தமும் சீழும் வெளியே தெரியாமல் தேங்குவதும் அங்கேதான்.

இரண்டாவது, நடுக்கோட்டில் வெட்டிய படம் பக்கத்தில் இருப்பதைக் காட்டாது. சிறுநீரகங்கள் இரண்டும் இந்த உறைக்கு வெளியே, முதுகுப்புறம் இருக்கின்றன. படத்தில் அவை இல்லை. பெண்களுக்குக் கருக்குழாய்களின் வாய் இந்த உறைக்குள் திறக்கிறது. ஆணுக்கு இது மூடிய பை, பெண்ணுக்கு அப்படி இல்லை என்ற முக்கியமான சேதியும் படத்தில் இல்லை. இடுப்புக்குள் ஏற்படும் தொற்று மேலே பரவக் காரணமே இந்த வாசல்தான்.

மூன்றாவது, குடலைத் தாங்கும் சவ்வுமடிப்பை அது துண்டு துண்டாக வெட்டிக் காட்டுகிறது. 1885-இல் பிரெடெரிக் ட்ரீவ்ஸும் அதைத் துண்டுகளாகவே விவரித்தார். புத்தகங்கள் வெகுகாலம் அவர் வழியே போயின. அது தொடர்ச்சியான ஒரே உறுப்பு என்று 2016-இல் அயர்லாந்தின் கால்வின் காஃபி எடுத்துச் சொன்னபோது உலகமே அதைச் செய்தியாகப் பேசியது.

எல்லாவற்றிலும் பெரிய குறை, வலியைப் பற்றி அந்தக் கோடு ஒன்றும் சொல்லாதது. ஒரே சவ்வானாலும் நரம்பு வேறு. உறுப்பைப் போர்த்திய பகுதியின் வலி மந்தமானது. இன்ன இடம் என்று சொல்ல வராது, குடல்வால் வலி தொப்புளைச் சுற்றித்தான் தெரியும். அழற்சி சுவர்ப்பக்கச் சவ்வைத் தொட்டதும் விரல் வைத்துக் காட்டுகிற மாதிரி ஓரிடத்தில் குத்தும். என் மகனுக்கு "இடம் மாறியது" இதனால்தான். நாங்கள் நிம்மதி அடைந்த அந்த நேரம்தான் பயப்பட வேண்டிய நேரம். இரண்டு கோட்டுக்கும் இரண்டு நிறம் கொடுத்திருந்தால் போதும், படம் இதைச் சொல்லியிருக்கும்.

படத்தை மட்டும் குறை சொல்வது நியாயமா? நம் சொற்களும் அப்படியே. இரைப்பையும் வயிறுதான், தொப்புளுக்குக் கீழேயும் வயிறுதான். இங்கே ஹிந்தியில் "பேட் மே தர்த்" என்று சொன்னாலும் அதே கதை. பாடநூல்காரர்கள் வயிற்றுக்குழி, இடுப்புக்குழி என்று எழுதிவிட்டார்கள். குழி என்றதும் மனசில் ஒரு காலிப் பள்ளம் தோன்றுகிறது. அதில் வாயு சுற்றிச் சுற்றி வரும் என்று நம்புவது சுலபமாகிவிடுகிறது. வயிற்றறை என்று சில நூல்கள் எழுதுகின்றன. அறையில் சாமான்கள் நெருக்கியடித்து இருக்கலாம் அல்லவா? என் ஓட்டு அதற்கே.

ஊர் விட்டு வந்த நம் பிள்ளைகள் தமிழில் "வயிறு வலிக்குது" என்று சொல்வதே சந்தோஷம். அதோடு முதலில் எங்கே வலித்தது, இப்போது எங்கே வலிக்கிறது என்று ஒரு விரலால் காட்டவும் சொல்லிக் கொடுப்போம். அந்த விரலைப் புரிந்துகொள்ள எந்த டாக்டருக்கும் தமிழ் தெரிந்திருக்க வேண்டியதில்லை.