மிரியம் மக்கேபாவும் மொழிமாறிய பாடலும்

தென் ஆப்பிரிக்கப் பாடகி மிரியம் மக்கேபா (1932–2008) கோசா, சூலு, சுவாகிலி, ஆங்கிலம், பிரெஞ்சு, போர்த்துகீசியம், அரபு, எபிரெயம் எனப் பல மொழிகளில் பாடியவர். இதனையே அவருடைய பெருமையாக எடுத்துரைப்போர் உளர். மொழிகளின் எண்ணிக்கை கலைக்கு அளவுகோல் ஆகாது. ஒரு மக்களின் பாடல் வேற்று மக்களின் செவிக்குச் செல்லுங்கால் எது நிலைக்கிறது, எது உதிர்கிறது என்பதே கேள்வி. பிறமொழி ஞானப்பாட்டுகளைத் தம் மொழியில் பாடிவரும் எந்தத் திருச்சபைக்கும் இக்கேள்வி புதிதன்று.

மக்கேபா தூய மரபிலிருந்து கலப்புக்குள் வழுவியவர் அல்லர்; அவர் பயின்றதே கலப்பிசை. தாயார் சுவாசி இனத்தவர். 'சங்கோமா' எனப்படும் மரபுவழிக் குணமாக்குநர். மகளோ பிரிட்டோரியாவிலிருந்த கில்னர்ட்டன் மெதடிஸ்த பள்ளியின் பாடகர் குழுவில் பாடி வளர்ந்தார். மிஷனெரிகள் கொணர்ந்த நாற்குரல் இசையும் அமெரிக்க ஜாஸும் கறுப்பின மக்களின் குடியிருப்புகளில் அவர்கள் சொந்தச் சொத்தாகவே ஆகிவிட்டிருந்தன.

அவர் பாடிய 'லாகுட்ஷோன் இலாங்கா' என்னும் பாடலை எடுத்துக்கொள்வோம். பொழுது சாய்ந்தபின் வீடு திரும்பாத அன்பரை மருத்துவமனைகளிலும் சிறைகளிலும் தேடும் பாடல் அது. இனஒதுக்கல் நாட்டில் அத்தேடல் வெறும் கற்பனையன்று. 1956இல் அமெரிக்கச் சந்தைக்கென ஆங்கிலத்தில் வெளிவந்தபோது, அது பொய்யுரைக்கும் காதலனைப்பற்றிய பாட்டாயிற்று. மெட்டு தப்பியது, சிறைச்சாலை மறைந்தது. குரல் இனிமையாகவே இருக்கிறது. அவ்வினிமையே நம்மை உறுத்துகிறது. இதனை மொழிபெயர்ப்பு என்று எவ்வாறு சொல்வது?

இதற்கு நேர்மாறானது 'கொங்கொத்வானே' என்னும் கோசா திருமணப்பாடல். நாவை மேலண்ணத்தில் தட்டி எழுப்பும் ஒலிகள் நிறைந்தது. அப்பெயரைச் சொல்ல இயலாத ஆங்கிலேயர் அதைச் 'சொடுக்குப் பாட்டு' என்றழைத்தனர் என்பதை மக்கேபா மேடையிலேயே நகையுடன் அறிவித்துவிட்டுப் பாடுவார். அயலார் நாவுக்கென ஓர் ஒலியையும் அவர் தளர்த்தவில்லை. கேட்பவன்தான் அப்பாடலை நோக்கி நடந்து வரவேண்டும்.

ஹாரி பெலஃபாண்டேயுடன் இணைந்து 1965இல் அவர் வெளியிட்ட, 1966இல் கிராமி விருது பெற்ற, இசைத்தட்டும் இவ்வழியதே. எனினும் அறுபதுகளின் அமெரிக்கப் பதிவுகள் சிலவற்றில் மொழிகள் காட்சிப்பேழைப் பொருள்கள்போல் வரிசையாக வைக்கப்பட்டிருக்கின்றன என்றே எனக்குத் தோன்றுகிறது. ஒரு பாடலில் தங்குமுன் அடுத்தது வந்துவிடுகிறது.

அவருடைய பன்மொழிப் புலமையை நாம் வியக்குமுன் ஒன்றை நினைவிற்கொள்ளவேண்டும். 1960இல் தாயாரின் அடக்கத்துக்குத் திரும்ப முயன்றபோது அவருடைய கடவுச்சீட்டு செல்லாததாக்கப்பட்டிருந்தது. 1963இல் ஐக்கிய நாடுகள் சபையின் குழுமுன் இனஒதுக்கலுக்கு எதிராகச் சாட்சி பகர்ந்தபின், அவருடைய இசைத்தட்டுகள் தாய்நாட்டில் தடைசெய்யப்பட்டன. 1990 வரை நாடு திரும்ப இயலவில்லை. கினியில் வாழ்ந்த ஆண்டுகளில் பிரெஞ்சிலும், 1969இல் அல்ஜியர்ஸ் விழாவில் அரபியிலும் பாடியவர் நாடிழந்த ஒரு பெண். தமக்கு இடமளித்தவர்களின் மொழியில் நன்றி சொல்லும் விருந்தாளியின் பணிவை அப்பாடல்களில் கேட்கிறேன்.

1967இல் அமெரிக்காவில் பெரும்புகழ் ஈட்டிய 'பாட்டா பாட்டா'வை அவர் தம் பாடல்களுள் அற்பமானதாகவே கருதினார். அதன் நடுவே அயலாருக்கு நடனத்தை விளக்கும் ஆங்கிலப் பேச்சும் உண்டு. 2008 நவம்பரில் இத்தாலியின் காஸ்தெல் வொல்தூர்னோ நகரில், குற்றக்கும்பலை எதிர்த்தெழுதிய ரொபெர்த்தோ சவியானோவுக்கு ஆதரவான நிகழ்ச்சியில் அவர் பாடினார். சில வாரங்களுக்குமுன் ஆப்பிரிக்கர் அறுவர் சுட்டுக்கொல்லப்பட்ட ஊர் அது. அங்கே அவர் இறுதியாகப் பாடியதும் 'பாட்டா பாட்டா'வே. பாடி முடித்ததும் சாய்ந்தார், அன்றிரவே காலமானார். அவர் அற்பமென்றதை அவ்வூரார் அன்று அவ்வாறு கேட்டிருக்கமாட்டார்கள்.