விடை தெரிந்த பிறகு போடும் கணக்கு

ஜேசிஎஸ் கிரிமினல் சைக்காலஜி யூடியூப் சானலை ஒரு காலத்தில் ராத்திரி தூக்கத்தை விட்டுப் பார்த்தவன் நான். போலீஸ் விசாரணை அறைப் பதிவை ஓடவிட்டு, உட்கார்ந்திருப்பவரின் ஒவ்வொரு அசைவுக்கும் அமைதியான பின்னணிக் குரலில் உளவியல் விளக்கம் சொல்வார்கள். எடிட்டிங் பிரமாதம், அதில் சந்தேகமே இல்லை.

கனடாவின் ஜெனிஃபர் பான் வழக்கு (2010, தாய் இறந்தார், தந்தை பிழைத்தார்) பற்றிய வீடியோவை எடுத்துக்கொள்வோம். அந்த விசாரணையில் அதிகாரி, பொய்யைக் கண்டுபிடிக்கும் மென்பொருள் தங்களிடம் இருப்பதாக அளந்துவிட்டார். கோடு எழுதிப் பிழைக்கிற எனக்குச் சிரிப்பு வந்தது. அப்புறம்தான் உறைத்தது: இந்த சானலும் நம்மிடம் விற்பது அதே மென்பொருளைத்தானே?

இந்த மாதிரி வீடியோக்களில் அழுதால் நடிப்பு, அழாவிட்டால் கல்நெஞ்சு. தீர்ப்பு ஏற்கெனவே தெரியும் என்பதால் எல்லாமே பொருந்திவிடுகிறது. அவுட்புட்டைப் பார்த்துவிட்டு டெஸ்ட் கேஸ் எழுதினால் ஃபெயில் ஆகுமா என்ன? பாண்ட், டிபாலோ இருவரும் 2006இல் நூற்றுக்கணக்கான ஆய்வுமுடிவுகளைத் தொகுத்துப் பார்த்தபோது, மனிதர்கள் பொய்யையும் உண்மையையும் சரியாகப் பிரித்தது சராசரியாக 54 சதவீதம்தான். காசைச் சுண்டிவிட்டாலே 50 வரும்.

நியூயார்க் சென்ட்ரல் பார்க் வழக்கில் 1989இல் நான்கு சிறுவர்கள் கேமரா முன்னாடியே 'ஒப்புக்கொண்டார்கள்'. உண்மையான குற்றவாளி வேறொருவன் என்று டிஎன்ஏ காட்டி, 2002இல் தண்டனைகள் ரத்தாயின. இடைப்பட்ட பதின்மூன்று வருஷத்தில் அந்தப் பதிவுகளை இதே குரலில் விளக்கியிருந்தால், நானும் தலையாட்டிக்கொண்டேதான் பார்த்திருப்பேன்.