எறியப்பட்ட சோறு: ஒரு தன்வரலாறு பற்றிய திறனாய்வு

ஓர் இயக்கத்தை அதன் மேடைப்பேச்சைக் கொண்டு அளப்பது எளிது. அதன் பந்தியைக் கொண்டு அளப்பதே முறை. இவ்வுண்மையைத் தெளிவுறுத்தும் நூல், இராசத்தான மாநிலத்துப் பில்வாரா மாவட்டத்திலே தாழ்த்தப்பட்ட குலத்திற் பிறந்த பன்வர் மேக்வன்ஷியின் தன்வரலாறாகும். ‘நான் ஒரு கரசேவகனாயிருந்தேன்’ என்னும் பொருள்படும் தலைப்புடன் 2019இல் இந்தியில் வெளிவந்த இதனை, 2020இல் நிவேதிதா மேனன் ஆங்கிலத்திற் பெயர்த்தளித்தார்.

1987இல், பள்ளிச் சிறுவனாய், மேக்வன்ஷி இராஷ்டிரீய சுயம்சேவக சங்கத்திற் சேர்கிறார். முதலில் ஈர்த்தது விளையாட்டு. பின்னர் உள்ளத்திற் குடியேறியது முஸ்லிம்கள்மீது வெறுப்பு. 1990இல் அயோத்திக்குப் புறப்பட்டு, இடைவழியிற் கைதாகி, ஆக்ராவிற் சிறையிருக்கிறார். அடுத்த ஆண்டு, ஊர்வலமாய் வந்த தோழர்க்குத் தம் இல்லத்தில் உணவு சமைப்பிக்கிறார். வழியில் உண்பதாகக் கூறிக் கட்டி வாங்கிச் சென்றோர், அதனைத் தெருவோரத்தில் எறிந்துவிட்டனர் எனப் பின்னர் அறிகிறார். சிறைக்குத் துணையாக அவரை ஏற்றோர், அவர் வீட்டுச் சோற்றை ஏற்றிலர்.

ஆயினும், தனக்கு நேர்ந்த இழிவால் ஒருவன் வெளியேறுதல் பாதி வழியே. தான் பிறர்மேற் கொண்ட பகையை எண்ணி நாணுதலே எஞ்சிய பாதி. அம்பேத்கரின் சிந்தனை வழியே மேக்வன்ஷி அவ்வெஞ்சிய பாதியையும் கடக்கிறார். தம் பழைய வெறுப்பை மறைக்காமல் உரைப்பது நூலின் தனிச்சிறப்பு. பிற்பகுதியிலோ பொதுப்பணிச் செய்திகள் மிகுந்து, அகமாற்றத்தின் படிநிலைகள் மங்கிவிடுகின்றன. இஃது ஒரு குறையே.

இலங்கை மலையகத்து வாசகர்க்கு இந்நூல் அயலார் கதையன்று. கங்காணிமார் ஆள்சேர்த்த காலந்தொட்டு, நுவரெலியா, அட்டன் தோட்டங்களுக்குத் தொழிலாளரோடு சாதியும் கடல் கடந்து வந்தது. லயங்களிற் காம்பிரா ஒதுக்குவதிலும் அது இடம்பெற்றது. 1948ஆம் ஆண்டுக் குடியுரிமைச் சட்டமோ சாதி பாராது அவர்களை நாடற்றோராக்கிற்று. வெளியே இழிவுற்ற சமூகம் உள்ளே இழிவு செய்யுமாயின், காயமுற்ற அதன் இளைஞர், ஒற்றுமையென்னும் பெயரால் பகைமை ஊட்டும் எவர்க்கும் எளிதில் இரையாவர்.

ஒற்றுமை பேசி வருவோரை நோக்கி, ‘எம் வீட்டில் உண்பீரோ?’ என வினவும் துணிவையும், ‘யாம் எவர் வீட்டில் உண்ண மறுக்கிறோம்?’ எனத் தம்மையே வினவும் நேர்மையையும் இளைஞர்க்கு ஊட்டுவதே இந்நூலின் பயன்.