சூசையின் பெட்டிக்கடையும் ஆரோக்கியத்தின் அழுக்கு மூட்டையும்

மதம் மாறினவனுக்கு ஜாதி உண்டா, இல்லையா? இக்கேள்விக்கு விடை கூறவேண்டியவர் நீதிபதியா, பாதிரியாரா, தாசில்தாரா? நாவலாசிரியர்க்கும் இதில் ஓர் இடமுண்டு என்பது நமது துணிபு. அதனை விளக்குமுன் ஒரு வழக்கைச் சொல்லியாக வேண்டும்.

சென்னை நகரத் தெருவோரத்தில் செருப்புத் தைத்துப் பிழைத்தவர் சூசை என்பார். ஆதி திராவிடராயிருந்து கிறிஸ்தவரானவர். அவரைப்போலவே தெருவில் அமர்ந்து அத்தொழிலைச் செய்துவந்த இந்துக்களுக்குச் சர்க்கார் இலவசமாகப் பெட்டிக்கடை அளித்தது. சூசைக்கு இல்லையென்றது. காரணம், 1950ஆம் ஆண்டின் குடியரசுத் தலைவர் ஆணை. இந்து மதமல்லாத வேறு மதத்தினர் பட்டியல் ஜாதியார் ஆகார் என்பது அதன் மூன்றாம் பத்தி. 1956இல் சீக்கியர்க்கும், 1990இல் பௌத்தர்க்கும் அக்கதவு திறந்தது. கிறிஸ்தவர்க்கும் முஸ்லிம்களுக்கும் திறந்திலது. 1985இல் சுப்ரீம் கோர்ட்டு சூசையின் மனுவைத் தள்ளிற்று. தள்ளும்போது கூறிய காரணமே நாம் கருதத்தக்கது. மாறிய பின்னும் ஜாதி தொடர்கிறது என்று காட்டினால் மட்டும் போதாதாம்; பழைய இழிவும் இடரும் புதிய மதத்திலும் அதே கொடுமையோடு தொடர்கின்றன என்று மெய்ப்பிக்க வேண்டுமாம். அதற்குத் தக்க சான்று முன்வைக்கப்படவில்லை என்றது கோர்ட்டு.

ஏழாண்டு கழித்து, 1992இல், பாமாவின் ‘கருக்கு’ வெளிவந்தது. 1994இல் இமையத்தின் ‘கோவேறு கழுதைகள்’ வந்தது. இவை எந்த வழக்கிற்காகவும் எழுதப்பட்டவை அல்ல. எனினும் கோர்ட்டு கேட்ட சான்று இவற்றுள் கிடக்கிறது.

பாமா கத்தோலிக்கராய்ப் பிறந்து, கன்னியர் மடம் புகுந்து, பின் அதனைத் துறந்தவர். மடத்துச் சுவருக்குள்ளும் ஜாதி எவ்வாறு நுழைந்து அமர்ந்திருந்தது என்பதை ஊர்ப்பேச்சிலேயே எழுதிவிட்டார். சொன்னதையே மீண்டும் சொல்லும் குறை நூலில் உண்டு. சினம் மிக்க இடங்களில் அஃது இயல்பே.

இமையம் வாதம் செய்வதில்லை. ஆரோக்கியம், கணவன் சவுரி, மகள் மேரி எனப் பெயரெல்லாம் வேதப் பெயர். தொழிலோ தீண்டப்படாதார்க்குத் துணி வெளுப்பது. பிள்ளைப்பேறு பார்ப்பவளும், சாவு வீட்டுக் காரியம் செய்பவளும், அந்தியில் வீடுவீடாய்ச் சென்று சோறு வாங்குபவளும் ஆரோக்கியமே. மேரிக்கு நேர்ந்த கொடுமைக்கு நியாயம் கேட்க அவளுக்கு நாதியில்லை. ஞானஸ்நானம் அந்த அழுக்கு மூட்டையில் ஒரு துணியையேனும் குறைத்ததா? குறைத்ததாக நாவலில் எங்கும் காணோம்.

ஒடுக்கப்பட்டவரையே ஒடுக்குபவராகக் காட்டினார் என்று இமையத்தின்மேல் சினந்தவர் உண்டு. அவர்கள் சினந்த இடத்திலேதான் நூலின் வலிமை இருக்கிறது என்போம். புதிரை வண்ணார் தமிழ்நாட்டுப் பட்டியல் ஜாதிகளுள் ஒருவர். ஆனால் ஆரோக்கியத்தைப் போன்ற கிறிஸ்தவப் பெண்ணுக்கு அச்சான்றிதழ் இல்லை. மதம் மாறிய பட்டியல் ஜாதியாரைத் தமிழ்நாடு பிற்பட்டோராகவே கொள்கிறது. ஆக, தாழ்ந்தோர்க்கும் தாழ்ந்து நிற்பவள் காகிதத்தில் ஒருபடி உயர்ந்துவிடுகிறாள்!

புலாவ் செபாங் வாசகர்க்கு இது புதுமையாய்த் தோன்றலாம். இங்கே மாரியம்மனைக் கும்பிடுவோரும் மாதாவைக் கும்பிடுவோரும் சர்க்கார் ஏட்டில் இந்தியரே. ஜாதிக்கு அதில் கட்டமில்லை. ஆயினும் ஓர் இனத்தின் இலக்கணத்தில் மதத்தைச் சேர்ப்பது நமக்கு அறியாத சங்கதி அன்று. மலேசிய அரசமைப்பின் 160ஆம் விதி மலாய்க்காரர் யாரென வகுக்குமிடத்து இஸ்லாத்தை ஒரு நிபந்தனையாக்கியிருக்கிறது.

2024 நவம்பரில் புதுச்சேரிப் பெண்ணொருவர் வழக்கிலும் சுப்ரீம் கோர்ட்டு கைவிரித்தது. ஞானஸ்நானம் பெற்றுக் கோயிலுக்குச் சென்றுவருபவர், சலுகைக்காக மட்டும் இந்து என்று உரைப்பது அரசமைப்பை வஞ்சிப்பதாகும் என்றது. பொய்யுரைத்தல் தவறே. ஆனால் ஒருவர் மெய்யுரைத்தால் பிழைப்புப் போகும் என்று விதித்த சட்டத்தின் பங்கு அந்தப் பொய்யில் எவ்வளவு?

இவ்விரு நூல்களையும் வாசிக்க விழைவோர் ‘கோவேறு கழுதைகளை’ முதலில் எடுத்துக்கொள்க. ‘கருக்கு’ அதன்பின் வாசித்தால் பாமாவின் சினம் எங்கிருந்து வருகிறது என்பது விளங்கும்.