நடப்பவர்களும் நடத்தப்படுபவர்களும்: கல்வராயன் மலைநடை குறித்து

1

கல்வராயன் மலையில் மூன்று நாட்கள் நடந்துவிட்டு வந்து இதை எழுதுகிறேன். பயணக் கட்டுரை எழுதும் உத்தேசம் இல்லை. பயணக் கட்டுரைங்கிற வடிவத்தின் மீதே சந்தேகம் வந்துவிட்டது என்பதால்தான் எழுத உட்கார்ந்தேன்.

கோமுகி அணைப் பக்கமிருந்து ஏறி, வெள்ளிமலை வட்டாரத்தில் இரண்டு இரவுகள் தங்கி, சேலம் மாவட்டத்துக் கருமந்துறை போய்ச் சேருவது திட்டம். தலைக்கு இவ்வளவு என்று பணம் கட்டிய பதினோரு பேர். எல்லோர் முதுகிலும் பை. முன்னால் ஒரு வழிகாட்டி, மலையாளிப் பழங்குடியைச் சேர்ந்தவர், ஐம்பது வயதிருக்கும். அழைத்துப்போன அமைப்பின் பெயர் இங்கே தேவையில்லை. யாராக இருந்தாலும் இப்படித்தான் அழைத்துப் போகிறார்கள்.

புறப்படுமுன் எங்களுக்கு ஒரு துண்டுத்தாள் கொடுத்தார்கள். நான் விமர்சிக்க விரும்பும் முதல் பிரதி அதுதான். அதன் பெயர்ச்சொற்கள்: அருவி, மேகம், பள்ளத்தாக்கு, பறவை, நட்சத்திரம். வினைச்சொற்கள் அத்தனையும் நமக்கு: ஏறுவோம், கடப்போம், கூடாரம் அடிப்போம், நம்மையே கண்டடைவோம். மலையில் வாழ்கிறவர்கள் இரண்டே இடத்தில் வருகிறார்கள். ஒன்று, உணவு ஏற்பாடு. இன்னொன்று, இரண்டாம் நாள் மாலை பார்க்கவேண்டியவற்றின் பட்டியல். எந்த வினைக்கும் அவர்கள் எழுவாய் இல்லை. மலையைப் பற்றிச் சொல்லும்போது தீண்டப்படாத மலை என்கிற பொருள்பட ஒரு சொல். தமிழில் அந்தச் சொல்லை இவ்வளவு சாவதானமாக எழுதமுடிகிறவர் எந்தத் தெருவிலிருந்து வருகிறார் என்று யோசித்துக்கொண்டேன்.

ரொலாண் பார்த் 1957இல் வெளியான 'புராணவியல்கள்' நூலில் ஐரோப்பியச் சுற்றுலாக் கையேடு ஒன்றைப் பிரித்துப் போட்டுக் காட்டியிருப்பார். கையேட்டுக்கு மேடுபள்ளமான நிலம் என்றாலே அழகு. சின்னங்கள் நிறைந்த நாட்டில் மனிதர்கள் காணாமல் போய்விடுகிறார்கள், மிஞ்சுகிறவர்கள் 'மாதிரி'களாக ஆகிவிடுகிறார்கள். நம்ம துண்டுத்தாளுக்கும் இது பொருந்துகிறது. ஆனால் ஒரு வித்தியாசம். பார்த் பேசிய கையேடு மனிதர்களைச் சின்னங்களுக்குப் பின்னால் மறைத்தது. இங்கே மறைக்கக்கூட வேண்டியதில்லை. காடு என்று சொன்னால் போதும், ஆள் இல்லை என்று அர்த்தமாகிவிடுகிறது.

2

முதல் நாள் மத்தியானம், ஒரு செங்குத்தான இறக்கத்தில் எங்களில் ஒருத்தர் வழிகாட்டியிடம் கேட்டார்: "அண்ணே, இந்த ட்ரெயில் யாரு போட்டது? ஃபாரஸ்ட்டா?"

அவர் சிரித்தார். "ட்ரெயில் எல்லாம் தெரியாதுங்க சார். இது ஆள் தூக்கற வழி. பிரசவமானாலும் இதான், பொணமானாலும் இதான். அதான் பாருங்க, ரெண்டு பேரு தோள் போட்டு எறங்கற அகலம் இருக்கு."

அந்த வழியின் அகலத்தை அதுவரை நான் அழகாகப் பார்த்துக்கொண்டு வந்திருக்கிறேன். இப்போது அது ஒரு அளவாகத் தெரிந்தது. தூளியின் அளவு. இந்த மலையில் சாலை போகாத ஊர்கள் இருந்ததனால் உண்டான அகலம். நாங்கள் பணம் கொடுத்து வாங்கிய 'சாலையில்லாத அனுபவம்' அவர்களுக்குச் சாலை கொடுக்கப்படாத வரலாறு. ஒரே இல்லாமை, ஒருவருக்குச் சரக்கு, இன்னொருவருக்குச் சாவு.

வரலாறு என்று சொன்னேன். சுதந்திரம் வந்து கால் நூற்றாண்டுக்கு மேல் ஆகியும் இந்த மலைகள் சடையக் கவுண்டன், குறும்பக் கவுண்டன், அரியக் கவுண்டன் என்கிற மூன்று ஜாகீர்களின் கீழ் இருந்தன. அரசு கையகப்படுத்தியது 1976இல். கள்ளக்குறிச்சி தனி மாவட்டமானது 2019இல். 2024இல் சென்னை உயர் நீதிமன்றம் தானாக முன்வந்து இந்த மலைவாழ் மக்களின் நிலையை வழக்காக எடுத்துக்கொண்டு, முதலமைச்சரே போய்ப் பார்க்கலாமே என்று கேட்கவேண்டியிருந்தது. மலையை நீதிமன்றத்தின் கண்ணுக்குக் கொண்டுவந்தது எது? அதற்கு அப்புறம் வருகிறேன்.

3

நடந்துகொண்டிருக்கும்போதே எனக்கு இரண்டாவது பிரதி ஒன்று ஞாபகத்துக்கு வந்தது: மலைபடுகடாம். பத்துப்பாட்டில் கடைசி, 583 அடிகள், பெருங்கௌசிகனார் பாடியது. கூத்தராற்றுப்படை என்றும் பெயர். அதன் நாயகன் நன்னனின் செங்கண்மா இன்றைய செங்கம். கல்வராயனுக்கு வடக்கே இரண்டு நாள் நடை. ஆக, இந்த வட்டாரத்து மலைநடைக்குத் தமிழில் ஏற்கெனவே ஒரு கையேடு இருக்கிறது.

சங்கப் பெருமை பேசுவதற்காக இதை இழுக்கவில்லை. பேராசிரியர்கள் அந்த வேலையைப் போதுமான அளவு செய்துவிட்டார்கள். நான் பார்க்க விரும்புவது யார் யாருக்கு வழி சொல்கிறார் என்பதை. ஆற்றுப்படையில் வழி சொல்கிறவன் அந்த வழியே போய்ப் பரிசு பெற்றுத் திரும்புகிற இன்னொரு கூத்தன். கேட்கிறவனும் வாத்தியங்களைப் பையில் கட்டித் தோளில் சுமந்துகொண்டு குடும்பத்தோடு பசியோடு வருகிறவன். இருவருக்கும் ஒரே தொழில், நேற்றுவரை ஒரே பசி. வழி என்பது அங்கே ஒரு பசித்தவன் இன்னொரு பசித்தவனுக்குக் கொடுக்கிற தகவல்.

அவன் சொல்கிற எச்சரிக்கைகளைப் பாருங்கள். பன்றிக்கு வைத்த பொறி வழியில் இருக்கும், விடிந்தபிறகு போ. புனங்காக்கிறவர்கள் யானையை விரட்டக் கவண்கல் வீசுவார்கள், மரத்தின் பின்னால் ஒதுங்கு. வழுக்குகிற இடத்தில் கொடியைப் பிடி. வழி பிரிகிற இடத்தில் புல்லை முடிந்து வை, பின்னால் வருகிறவர்களுக்கு அடையாளம். ஆபத்துகளில் பாதி மனித உழைப்பிலிருந்து வருகிறது: பொறி வைத்தவர்கள், புனம் விதைத்தவர்கள், கல் எறிகிறவர்கள். அந்த மலையில் ஆளில்லாத இடம் என்று ஒன்று இல்லை. குறவர் குடியிருப்புக்குள் சொந்த வீடுபோல நுழையலாம். உறவு முறை சொல்லிப் பேசுவார்கள், தினைச்சோறு போடுவார்கள், மூங்கில் குழாயில் விளைந்த தேறல் தருவார்கள். வருகிறவன் தேவையில் இருப்பவன், மலையில் இருப்பவன் கொடுப்பவன். நம்ம துண்டுத்தாளில் இது அப்படியே தலைகீழ்.

ஆனால் மலைபடுகடாமையும் சும்மா விடமுடியாது. அந்த விருந்து கிடைப்பதற்கு ஒரு நிபந்தனை இருக்கிறது. நன்னனிடம் போகிற கூத்தர் நாங்கள் என்று சொல்லவேண்டும். அரசன் பெயர்தான் அனுமதிச்சீட்டு. மலையின் வளம் அத்தனையும் கடைசியில் அரசனின் பெருமையாகக் கணக்கில் ஏறுகிறது. வழி குறிஞ்சியில் தொடங்கி அரண்மனையில் முடிகிறது. கொடுத்த மலைக்காரர்கள் பாட்டின் நடுவிலேயே நின்றுவிடுகிறார்கள். அவர்கள் யாரிடமும் ஆற்றுப்படுத்தப்படுவதில்லை. இந்த வகையில் பழைய பிரதிக்கும் புதிய பிரதிக்கும் நடுவே ஒரு தொடர்ச்சி உண்டு, அதிகாரத்தின் தொடர்ச்சி.

மலையாளிகளிடம் வேறொரு நடைக்கதை இருக்கிறது. தர்ஸ்டன் 1909இல் வெளியிட்ட தொகுதிகளில் அதன் ஒரு வடிவம் பதிவாகியிருக்கிறது. காஞ்சியில் இருக்கப் பிடிக்காமல் கரிராமன் என்கிற சாமி கிளம்பிப் போகிறது. பெரியண்ணன், நடுவண்ணன், சின்னண்ணன் மூவரும் குடும்பத்தோடு அதன் பின்னால் நடந்து, சேலம் பக்கம் வந்து, ஆளுக்கொரு மலையேறுகிறார்கள். இதிலே அரசன் இல்லை. நகரத்தைப் பிடிக்காத ஒரு சாமிதான் வழிகாட்டி. மூன்று கதைகளில் இது ஒன்றுதான் மலையில் போய் முடிகிறது. மற்ற இரண்டும் மலையைக் கடந்து போகின்றன.

4

இரண்டாம் நாள் என் தோள்பட்டை வலித்தது. பையை இறக்கி வைத்தேன். வழிகாட்டி அதைத் தூக்கிப் பார்த்துவிட்டுச் சொன்னார்: "இது என்ன சார், பன்னெண்டு கிலோ வருமா? முப்பது கிலோ தோள்ல வெச்சு மூணு ராத்திரி நடந்திருக்கான் எங்காளு. பகல்ல படுத்துக்கறது, ராத்திரி நடக்கறது." எங்கே என்று கேட்டேன். வடக்கே கையைக் காட்டினார். மேலே பேசவில்லை.

வடக்கே ஆந்திரம். 2015 ஏப்ரல் 7ஆம் தேதி திருப்பதிக்குப் பக்கத்தில் சேஷாசலம் காட்டில் செம்மரம் வெட்ட வந்தவர்கள் என்று சொல்லி 20 தமிழர்களை ஆந்திரச் சிறப்புப் படை சுட்டுக் கொன்றது. பலர் ஜவ்வாது, சித்தேரி மலைகளின் மலையாளிகள். மலையில் நடக்கத் தெரிந்த கால், சுமக்கத் தெரிந்த தோள், திசை தெரிந்த கண்: இந்தத் திறமைகளைத்தான் செம்மரத் தரகன் கூலிக்கு எடுத்தான். இதே திறமைகளைத்தான் நாங்களும் கூலிக்கு எடுத்தோம். எங்களோடு நடந்தால் வழிகாட்டி, தரகனுக்காக நடந்தால் கடத்தல்காரன், யாருக்காகவும் இல்லாமல் தன் பாட்டுக்கு நடந்தால் அத்துமீறி நுழைந்தவன். உடல் ஒன்றுதான். பெயரை மட்டும் யாரோ வெளியிலிருந்து மாற்றிக்கொண்டே இருக்கிறார்கள்.

காடு என்றால் வனத்துறை என்று ஆகிப்போனதன் பொருளை அந்த மலைக்காரர்களுக்கு நாம் விளக்கத் தேவையில்லை. கல்வராயனை அடுத்த சித்தேரி மலையடிவாரத்தில் இருக்கிறது வாச்சாத்தி. 1992 ஜூன் 20, சந்தனமரத் தேடல் என்ற பெயரில் வனத்துறை, காவல்துறை, வருவாய்த்துறை ஆட்கள் ஊருக்குள் புகுந்தார்கள். 18 பெண்கள் பாலியல் வன்முறைக்கு ஆளாக்கப்பட்டார்கள். குற்றஞ்சாட்டப்பட்ட 269 பேரும் குற்றவாளிகள் என்று தருமபுரி நீதிமன்றம் தீர்ப்பளிக்க 2011 ஆயிற்று. உயர் நீதிமன்றம் அதை உறுதி செய்ய 2023.

இனி நீதிமன்றத்தின் கண்ணுக்கு மலை எப்படிப் பட்டது என்பதற்கு வருகிறேன். 2024 ஜூனில் கள்ளக்குறிச்சி கருணாபுரத்தில் மெத்தனால் கலந்த சாராயம் குடித்து 60க்கும் மேற்பட்டவர்கள் செத்தார்கள். உடனே எல்லோர் விரலும் மலைப்பக்கம் திரும்பியது. ஊறல் அழிப்பு, சோதனை, படங்கள். மெத்தனால் மலையில் ஊறுகிற பொருள் இல்லை. அது ஆலைச் சரக்கு, கீழே இருந்து வருவது. ஆனாலும் பொதுப் புத்தியில் கல்வராயன் 'கள்ளச்சாராய மலை'. மலைபடுகடாமில் வழிப்போக்கனுக்கு உபசாரமாக இருந்த தேறல் இப்போது மலையின் குற்ற அடையாளம். காய்ச்சுவதை நியாயப்படுத்துவது என் நோக்கமில்லை. அதனாலும் குடும்பங்கள் அழிந்திருக்கின்றன. ஒரு மலை பேசப்படுவதற்கு நம்மிடம் இரண்டே சொல்லாடல்கள்தான் இருக்கின்றன என்பதைச் சொல்கிறேன்: குற்றம், இயற்கை அழகு. காலைப் பேப்பரில் ஊறல், ஞாயிறு இணைப்பில் அருவி. இரண்டிலும் அங்கே வாழ்கிறவர் பேசுவதில்லை. சாமையும் மரவள்ளியும் கடுக்காயும் புளியும் இந்த இரண்டுக்கும் நடுவே விழுந்து காணாமல் போகின்றன.

5

'அப்ப மலைக்கே போகக்கூடாதா?' என்று நண்பர்கள் கேட்கலாம். அப்படிச் சொல்லவில்லை. 2018 மார்ச் 11 குரங்கணியில் காட்டுத்தீ 20க்கும் மேற்பட்ட மலையேறிகளைக் கொன்றது. நகரத்துப் பெண்கள், படித்த இளைஞர்கள், ஓர் ஓய்வு நாளுக்கு ஆசைப்பட்டவர்கள். அந்தச் சாவுகளை எள்ளுவதற்கு எதுவும் இல்லை. அதற்குப் பிறகு அரசு மலையேற்றத்துக்கு விதிகள் போட்டது. 2024 அக்டோபரில் 14 மாவட்டங்களில் 40 வழிகளைத் தேர்ந்தெடுத்துத் தானே நடத்தத் தொடங்கியது. உள்ளூர்ப் பழங்குடி இளைஞர்களுக்குப் பயிற்சி கொடுத்து வழிகாட்டிகளாக்கியிருக்கிறார்கள். கூலி வருகிறது, நல்லதுதான். தொடக்கப் பட்டியலில் கள்ளக்குறிச்சி மாவட்டம் இல்லை. நாளைக்கு வரும். வரும்போது கேட்கவேண்டிய கேள்வி ஒன்றுதான்: அந்த வழி யாருடையது?

2006ஆம் ஆண்டு வன உரிமைச் சட்டம் இதற்குப் பதில் வைத்திருக்கிறது. காட்டின் சமூக வளத்தைப் பாதுகாக்கவும் நிர்வகிக்கவும் கிராம சபைக்கு அதிகாரம் உண்டு. தமிழ்நாட்டில் நீதிமன்ற உத்தரவொன்றால் உரிமைப் பத்திரங்கள் வழங்குவதே 2016 வரை முடங்கிக் கிடந்தது. வழிகாட்டி வேலை கொடுப்பது வேறு, வழியின் மேல் அதிகாரம் கொடுப்பது வேறு. முன்னதைக் கொடுத்துப் பின்னதை மறக்கச் செய்வதுதான் நம் காலத்து நலத்திட்டங்களின் தந்திரம்.

வெளியே ஓர் உதாரணம். கனடாவின் வான்கூவர் தீவில் 75 கிலோமீட்டர் நீளத்துக்குக் கரடுமுரடான ஒரு கடற்கரை வழி இருக்கிறது. பை சுமந்து ஒரு வாரம் நடப்பார்கள். 1906இல் வலென்சியா என்ற கப்பல் உடைந்து நூற்றுக்கும் மேற்பட்டோர் மூழ்கியதும், கரையேறுகிறவர்களைக் காப்பாற்ற அரசு அந்த வழியைச் சீரமைத்தது. அதற்கு வெகுகாலம் முன்பே அது அந்தக் கரையின் பூர்வகுடிகள் நடந்த தடம். இன்றும் தேசியப் பூங்காவின் அனுமதிச்சீட்டு வேண்டும், அரசு விலகிவிடவில்லை. ஆனால் அந்த மூன்று பூர்வகுடிகளின் காவலர்கள் தங்கள் தங்கள் பகுதியில் வழியைப் பராமரிக்கிறார்கள், வருகிறவர்களிடம் இது எங்கள் நிலம் என்று சொல்லியே பேசுகிறார்கள். முழு நீதி இல்லை. ஆனால் நடக்கிறவர் தான் விருந்தாளி என்று தெரிந்துகொண்டு நடக்கிறார். நமக்கு அதுகூட இல்லை.

மூன்றாம் நாள் கருமந்துறையில் பஸ்ஸுக்குக் காத்திருக்கும்போதுதான் வழிகாட்டியிடம் மூன்று நாளைக்கு எவ்வளவு கொடுக்கிறார்கள் என்று கேட்டேன். நான் ஒருவன் கட்டியதில் நாலில் ஒரு பங்குகூட இல்லை. கேட்க மூன்று நாள் ஆகியிருக்கிறது எனக்கு. மரத்தின் பெயர் கேட்டேன், பறவையின் பெயர் கேட்டேன், கூலி கேட்கத் தோன்றவில்லை. துண்டுத்தாள் என் தலைக்குள்ளும் இருந்திருக்கிறது.

அவர் திரும்ப நடந்தே போகப்போவதாகச் சொன்னார். வந்த வழியேவா என்று கேட்டதற்கு, "அது உங்களுக்காக வந்த சுத்து வழி சார். எங்களுக்கு வேற வழி இருக்கு" என்றார். அந்த வேறு வழியை அவர் எங்களுக்குக் காட்டவில்லை. காட்டாததுதான் சரி. அதைக் காட்டலாமா, யாருக்குக் காட்டலாம், என்ன விலைக்கு என்பதை அவருடைய ஊர் கூடி முடிவு செய்கிற நாள் வரட்டும். அன்றைக்கு அவர்கள் கூப்பிட்டால் போகலாம்.