சாவைச் சொல்லாமல் காட்டும் படம்: ‘பாரஸ்ட் ஆஃப் பிளிஸ்’

‘பாரஸ்ட் ஆஃப் பிளிஸ்’ என்பது அமெரிக்க இயக்குநர் ராபர்ட் கார்ட்னர் (1925–2014) காசி நகரில் எடுத்த ஆவணப்படம் ஆகும். 1986-இல் வெளிவந்த இப்படம் 90 நிமிடம் ஓடுகிறது. மானிடவியலாளர் ஆகோஷ் ஓஸ்தோர் இதன் இணைத் தயாரிப்பாளர். காசியின் பழைய பெயர்களுள் ஒன்றான ‘ஆனந்தவனம்’ என்பதன் ஆங்கில வடிவமே தலைப்பு.

அமைப்பு

ஒரு விடியலில் தொடங்கி மறு விடியலில் படம் முடிகிறது. பின்னணி விளக்கவுரை இல்லை. உள்ளூர் மொழியில் நடக்கும் பேச்சுக்கு மொழிபெயர்ப்பு வரிகளும் இல்லை. நோய் தீர்க்கும் ஒரு பெரியவர், ஒரு பூசாரி, எரியூட்டும் இடத்தை ஆளும் டோம் சமூகத் தலைவர் ஆகிய மூவரைக் கேமரா பின்தொடர்கிறது. இடையிடையே விறகு, மூங்கில், பூமாலை, படகு, நாய் ஆகியவை திரும்பத் திரும்ப வருகின்றன.

நிறை

சாவைப் படம்பிடிப்போர் பெரும்பாலும் அழுகையைத்தான் தேடிப் போவார்கள். கார்ட்னர் வேலையைத் தேடிப் போகிறார். விறகு படகில் வருகிறது, சுமக்கப்படுகிறது, தராசில் எடை போடப்படுகிறது. மூங்கில் பாடையாகிறது. ஒரே வகை மாலை சாமிக்கும் போகிறது, பிணத்துக்கும் போகிறது. ஓர் உயிர் அடங்கினால் எத்தனை கைகள் உழைக்க வேண்டியிருக்கிறது என்பதை இப்படம் போல் வேறு படம் காட்டியதாக எனக்குத் தெரியவில்லை.

குறை

அந்தக் கைகளுக்கு உரியவர்கள் பேசுவது நமக்குப் புரிவதில்லை. டோம் தலைவர் பேசும்போது குரலும் சைகையும் மட்டுமே மிஞ்சுகின்றன. எரிக்கும் தொழில் ஏன் அந்தச் சாதியின் தலையில் விழுந்தது, கூலி யாருக்குப் போகிறது என்ற கேள்விகள் எழாமலே போகின்றன. சடங்கு அறியாத அயல்நாட்டவருக்குக் காசி ஒரு புதிராகவே நின்றுவிடும். பாடையையும் கொள்ளியையும் அறிந்த தமிழ்ப் பார்வையாளருக்குச் செயல் விளங்கும்; பேச்சு விளங்காது. படம் வெளிவந்தபோது மானிடவியலாளர் சிலர் இதையே கடுமையாகக் குறை கூறினர்.

ஓர் ஒப்பீடு

பிரெடெரிக் வைஸ்மன் 1989-இல் எடுத்த ‘நியர் டெத்’ பாஸ்டன் நகர மருத்துவமனை ஒன்றின் தீவிர சிகிச்சைப் பிரிவைக் காட்டுகிறது. ஏறத்தாழ 6 மணி நேரம். அதிலும் விளக்கவுரை இல்லை. ஆனால் உயிர்காக்கும் கருவியை நிறுத்தலாமா என்று மருத்துவரும் செவிலியரும் குடும்பத்தாரும் பேசித் தடுமாறுவதை நாம் முழுமையாகக் கேட்கிறோம். இயக்குநர் வாய் திறக்காமலிருக்கலாம். அதற்காகப் படத்தில் உள்ளவர்களின் பேச்சையும் மறைக்கத் தேவையில்லை என்பதற்கு இதுவே சான்று.

மதிப்பீடு

கார்ட்னரும் ஓஸ்தோரும் ‘பாரஸ்ட் ஆஃப் பிளிஸ்’ பற்றித் தமக்குள் உரையாடிய நூல் 2001-இல் வந்தது. படத்தில் விட்ட விளக்கங்கள் பல அதில் உள்ளன. முதலில் படத்தைப் பார்த்துவிட்டு, நூலைப் படித்து, மீண்டும் ஒருமுறை படத்தைப் பார்ப்பது நல்லது. இரண்டாம் முறை, விறகுத் தராசின் பக்கத்தில் நிற்கும் மனிதரையும் கவனிப்போம்.